இரவில் கொலோசியம்: எதற்குக் காசு கொடுக்கிறோம் என்று தெரிந்துகொண்டு போங்கள்

செப்டம்பரில் மூன்று நாள் ரோமில் தங்கப் போகிறீர்கள். கூடவே பத்து வயது மகள், முழங்கால் வலியுள்ள மாமியார். கொலோசியத்தைப் பகல் டிக்கெட்டில் பார்த்தால் போதுமா, பல மடங்கு விலை சொல்கிற இரவுச் சுற்றுலாவில் சேரலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். சுருக்கமான பதில் இதுதான்: நிலவறைக்குள் கூட்டிப்போவார்கள் என்றால் சேருங்கள். இல்லையென்றால் அந்தக் காசில் மூன்று பேரும் நன்றாகச் சாப்பிடுங்கள். காரணம் சொல்ல ஆரம்பித்தால் கொஞ்சம் நீளும்.

முதலில் நான் ஏமாந்த கதை. முதல் தடவை போனபோது இணையத்தில் 'கொலோசியம் இரவுச் சுற்றுலா' என்று தேடி, கண்ணில் பட்ட ஒன்றுக்குப் பணம் கட்டினேன். குடையைத் தூக்கிப் பிடித்த ஒரு வழிகாட்டி வந்தார். கட்டடத்தைச் சுற்றி ஒரு வட்டம் கூட்டிப்போனார், கான்ஸ்டன்டைன் வளைவின் முன்னால் படம் எடுத்துக்கொள்ள விட்டார், ஒரு ஐஸ்கிரீம் கடை வாசலில் கும்பிடு போட்டு அனுப்பிவிட்டார். உள்ளே எப்போது போவோம் என்று கேட்டதற்கு, அது வேறு டிக்கெட் என்றார். ராஜகோபுரத்தை மட்டும் பார்த்துவிட்டு வந்து சாமி கும்பிட்டேன் என்று சொன்ன மாதிரி ஆயிற்று. அறைக்கு வந்து விளம்பரத்தை மறுபடி படித்தேன். அதில் எந்த இடத்திலும் 'உள்ளே' என்ற சொல்லே இல்லை. பாதித் தப்பு என்னுடையதுதான்.

அதனால் பணம் கட்டும் முன் எழுத்தில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. இந்தச் சுற்றுலா கட்டடத்துக்கு உள்ளே போகிறதா, போனால் எதுவரை? இரவுச் சுற்றுலா என்ற ஒரே பெயரில் மூன்று வேறு சரக்கு விற்கிறார்கள். ஒன்று, நான் போன மாதிரி வெளிச்சுற்று. இன்னொன்று, உள்ளே போய்ப் பார்வையாளர் மாடத்திலிருந்து எட்டிப் பார்ப்பது. மூன்றாவது, சண்டை நடந்த களத்தில் நின்று, அதன் அடியில் இருக்கும் நிலவறைக்கும் இறங்குவது. அந்த மூன்றாவதற்குத்தான் கூடுதல் காசு தகும்.

அந்த நிலவறையை இத்தாலியர்கள் இப்போஜியோ என்பார்கள். கொலோசியத்தை எழுப்ப ஆரம்பித்தவர் ரோமப் பேரரசர் வெஸ்பாசியன். முன்பு ஆண்ட பேரரசர் நீரோ தன் தங்க மாளிகைக்காக வெட்டிய செயற்கை ஏரியை வற்றவைத்து, அந்தப் பள்ளத்திலேயே அடித்தளம் போட்டார். கி.பி. 80இல் அவருடைய மூத்த மகன் டைட்டஸ் நூறு நாள் விழா எடுத்துத் திறந்து வைத்தார். அப்போது இன்று நாம் பார்க்கும் நிலவறை இல்லை. அதைக் கட்டியவர் அடுத்து வந்த தம்பி டொமிஷியன் என்பதுதான் ஆய்வாளர்கள் பெரும்பாலும் சொல்வது. இந்த டொமிஷியனை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், இன்னும் இரண்டு இடத்தில் வருவார்.

களத்துக்கு அன்று மரப்பலகைத் தளம், அதன்மேல் மணல். லத்தீனில் மணலுக்கு ஹரீனா என்று பெயர், அரீனா என்ற சொல் பிறந்ததே அதிலிருந்துதான். பார்வையாளர்களுக்குத் தெரிந்தது அந்த மணல் மட்டும். கீழே வேறொரு உலகம் இயங்கிக்கொண்டிருந்தது. வரிசை வரிசையாக நீள நடைகள், கூண்டுகள், இருபதுக்கும் மேற்பட்ட மின்தூக்கிகள். மின்சாரம் இல்லாத மின்தூக்கி என்று சொல்வது கேலியாகத்தான் இருக்கிறது, ஆனால் வேலை அதேதான். நட்டு நிறுத்திய ஒரு மரத்தூண், அதில் குறுக்கே செருகிய கட்டைகள், அவற்றைத் தள்ளிக்கொண்டு செக்குமாடு போலச் சுற்றிவந்த அடிமைகள். தூணில் கயிறு சுற்றச் சுற்றக் கூண்டு மேலே ஏறும். உச்சியில் பலகைக் கதவு திறக்கும். மணலைப் பிளந்துகொண்டு ஒரு சிறுத்தை வெளியே வரும். ஐம்பதாயிரம் பேர் மூச்சைப் பிடித்துக்கொள்வார்கள்.

நிலவறையில் நிற்கும்போது வழிகாட்டியின் டார்ச் போகிற இடத்தைக் கவனியுங்கள். சுவரில் மேலிருந்து கீழாகச் செதுக்கிய பள்ளக் கோடுகள் தெரியும், கூண்டு வழுக்கி ஏறிய தடம் அது. தரையில் வட்டக் குழிகள் இருக்கும், செக்குத் தூண்களின் அடிமுனை சுழன்ற இடம். ஜெர்மன் தொல்லியல் நிறுவனத்தைச் சேர்ந்த ஹைன்ஸ்-யுர்கன் பெஸ்டே பல வருடம் இந்தக் குழிகளையும் கோடுகளையும் அளந்து அளந்துதான் பொறி எப்படி ஓடியது என்று கண்டுபிடித்தார். 2015இல் அப்படி ஒரு தூக்கியை மரத்தில் செய்து அதே இடத்தில் நிறுத்தினார்கள். இன்றும் அங்கே இருக்கிறது. உங்கள் மகளுக்கு முதலில் அதைக் காட்டுங்கள், மற்றதெல்லாம் தானாகப் புரிந்துவிடும்.

2021இல் பெரிய சீரமைப்பு முடிந்த பிறகு, கீழே மரப்பாதை போட்டு நிலவறையைத் திறந்துவிட்டார்கள். பகலிலும் போகலாம். அப்படியிருக்க ஏன் இரவு என்று கேட்டால், முதல் காரணம் கூட்டம். கொலோசியம், பழைய ரோமின் பொதுவெளியான ஃபோரம், அரண்மனைகள் இருந்த பாலட்டைன் குன்று எல்லாம் சேர்ந்த தொல்லியல் பூங்காவுக்கு வருடத்துக்கு ஒரு கோடிப் பேருக்கு மேல் வருகிறார்கள். பகலில் நிலவறையில் நின்றாலும் மேலே மாடத்திலிருந்து ஆயிரம் பேர் எட்டிப் பார்த்துக்கொண்டே இருப்பார்கள். மீன் தொட்டிக்குள் நிற்கிற மாதிரி இருக்கும். இரவில் அந்த மாடங்கள் காலி. சின்னக் குழு, சொட்டுச் சத்தம், ஈரக்கல் வாசனை. ஒருகாலத்தில் ஏரி கிடந்த பள்ளம் என்பதை மூக்கு சொல்லும்.

இன்னொரு காரணம், பகலில் கண்ணை உறுத்துவது இடிபாடு. 1349 நிலநடுக்கத்தில் தெற்குப் பக்க வெளிச்சுவர் சரிந்தது. அதற்கப்புறம் சில நூற்றாண்டுகள் ரோமாபுரி மக்களுக்கு இதுதான் கல் குவாரி. பகல் வெளிச்சத்தில் இல்லாததுதான் முன்னால் நிற்கும். இரவில் விளக்கு படும் இடம் மட்டும் தெரிய, மிச்சத்தை இருட்டு கட்டி முடித்துவிடுகிறது. இது கொஞ்சம் ஏமாற்று வேலைதான். எனக்குப் பிடித்த ஏமாற்று.

பழைய காரணமும் ஒன்று இருக்கிறது, பெரும்பாலான வழிகாட்டிகள் இதைச் சொல்வதில்லை. இங்கே இரவில் கூடியது சுற்றுலா யுகத்துப் புதுமை இல்லை. டொமிஷியன் வேட்டைக் காட்சிகளையும் களத்தில் மோதும் வீரர்களான கிளாடியேட்டர்களின் சண்டைகளையும் இரவில் விளக்கொளியில் நடத்தினார் என்று ரோமானிய வரலாற்றாசிரியர் சுவெடோனியஸ் எழுதிவைத்திருக்கிறார். அவர் காலத்துக் கவிஞர் ஸ்டேஷியஸ் ஒரு டிசம்பர் விழாவைப் பாடியிருக்கிறார். விடியும்போதே மேலே கட்டிய கயிறுகளிலிருந்து கொட்டைகளும் பேரீச்சையும் அத்திப்பழமும் மழையாகப் பொழிந்தன. பெண்கள் ஆயுதம் ஏந்திச் சண்டையிட்டார்கள். இருட்டும் நேரத்தில் களத்தின் நடுவே ஒரு நெருப்புப் பந்து இறங்கி இரவைப் பகலாக்கியது. களத்தின் பலகை மேடையில் நிற்கும்போது இதை ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளுங்கள். அந்த நெருப்புப் பந்துக்குப் பதிலாக இன்று எல்இடி விளக்கு, வித்தியாசம் அவ்வளவுதான்.

நடுவில் ஒரு காலம் இங்கே நிலவுதான் விளக்கு. 1787 பிப்ரவரியில் ஜெர்மன் கவிஞர் கதே முழு நிலவில் வந்து பார்த்தார். உள்ளே ஒரு துறவி குடியிருந்தார், இடிந்த வளைவுகளின் கீழே பிச்சைக்காரர்கள் ஒண்டியிருந்தார்கள். அவர்கள் மூட்டிய தீயின் புகை களத்தில் பரவ, மேலே சுவர்கள் மட்டும் நிலவில் நின்றனவாம். அடுத்த நூற்றாண்டில் ரோமுக்கு வந்த ஐரோப்பியர்களுக்கு நிலவில் கொலோசியம் பார்ப்பது கட்டாயச் சடங்கு மாதிரி ஆகிவிட்டது. கூடவே ஒரு பயமும் இருந்தது: இரவுக் காற்று பட்டால் ரோம் காய்ச்சல் வரும் என்பது. உண்மையில் அது மலேரியா. குற்றவாளி காற்று இல்லை, கொசு. இன்று மலேரியா இல்லை. செப்டம்பரில் கொசு மட்டும் இருக்கிறது, மகளுக்கு முழுக்கால் சட்டை போட்டுவிடுங்கள்.

சரி, இரவில் கிடைக்காதது என்ன என்பதையும் சொல்லிவிட வேண்டும். மேல் அடுக்குகள் சரியாகத் தெரியாது. ஃபோரமும் பாலட்டைனும் இந்தச் சுற்றுலாவில் அநேகமாக இருக்காது. வெளிச்சுவரின் நுணுக்கமும் போய்விடும். அதனால் குறித்த நேரத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே, வெளிச்சம் இருக்கும்போதே போய் வடக்குப் பக்கச் சுவரைப் பாருங்கள். கீழ் அடுக்கில் மொத்தம் 80 வளைவுகள் இருந்தன, அவற்றில் 76க்கு எண் போட்டிருந்தார்கள். 23 முதல் 54 வரையான எண்கள் ரோமன் எழுத்தில் இன்றும் வளைவுகளின் மேலே தெரியும். பார்வையாளர் கையில் இருந்த வில்லையில் எந்த வாசல் என்று இருக்கும், அந்த வழியாக மட்டுமே ஏற வேண்டும். 38க்கும் 39க்கும் நடுவில் ஒரு வளைவுக்கு மட்டும் எண் கிடையாது. பெரிய மனிதர்களின் வாசல், அவர்களுக்கு எதற்கு எண்? மகளிடம் சொல்லாமல் அவளையே கண்டுபிடிக்க விடுங்கள்.

அதே சுவரில் அம்மைத் தழும்பு மாதிரி நூற்றுக்கணக்கான ஓட்டைகள் இருக்கும். குண்டு பாய்ந்ததோ என்று நிறையப் பேர் கேட்பார்கள். இல்லை. டிராவர்டைன் என்ற சுண்ணாம்புக் கற்களைச் சாந்து இல்லாமல் இரும்புப் பிடிகளால் பூட்டியிருந்தார்கள், ஈயம் ஊற்றி இறுக்கி. இடைக்காலத்தில் இரும்புக்குக் கிராக்கி வந்தபோது கல்லைக் குடைந்து ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் போய்விட்டார்கள். இரும்பு போன பிறகும் சுவர் நிற்பதுதான் ஆச்சரியம்.

அந்த ஒரு மணி நேரத்தில் மிச்சம் இருந்தால் ஃபோரம் பக்கச் சாலையில் ஐந்து நிமிடம் நடங்கள். இடது கைப்பக்கம் மாக்சென்டியஸ் மண்டபத்தின் பிரம்மாண்ட வளைவுகள் வரும். அந்த மண்டபத்துக்கு அடியில் புதைந்து கிடப்பது மிளகுக் கிடங்கு. நமது டொமிஷியன் கட்டியதுதான். லத்தீன் பெயரே மிளகுக் கிடங்குகள் என்றுதான் பொருள்படும். அங்கே குவிந்த மிளகு சேரநாட்டு மலைகளிலிருந்து முசிறித் துறைமுகம் வழியாகக் கப்பல் ஏறிப் போனது. யவனர் கலங்கள் 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்று அகநானூறு பாடுகிறதே, கறி என்றால் மிளகு, அது வந்து இறங்கிய இடம் இது. கரூரிலும் கோவைப் பக்கத்திலும் மண்ணைத் தோண்டினால் ரோமானியக் காசு கிடைப்பதன் மறுபக்கம் இங்கே இருக்கிறது. கொலோசியம் வரை வரும் தமிழர்களில் பாதிப் பேர் இதைத் தாண்டி நடந்தே போகிறார்கள், தெரியாமல். இரவுச் சுற்றுலாவில் யாரும் காட்டமாட்டார்கள், நீங்களே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

வழிகாட்டிகளைப் பற்றியும் ஒரு வார்த்தை. உரிமம் பெற்ற நல்ல வழிகாட்டி கிடைத்தால் அந்த ஒன்றேகால் மணி நேரம் பறந்துவிடும். சுமாரானவர் கிடைத்தால் சினிமா வசனம் வரும். 'சாகப் போகிறவர்கள் உம்மை வணங்குகிறோம்' என்று கிளாடியேட்டர்கள் தினமும் இங்கே முழங்கினார்கள் என்று ஒருவர் அடித்துச் சொன்னார். அந்த வாசகம் பழைய நூல்களில் வருவது ஒரே ஒரு நிகழ்ச்சியில்தான், ஃபூசினோ ஏரியில் கிளாடியஸ் பேரரசர் நடத்திய கப்பல் சண்டையில். அப்போது கொலோசியம் கட்டப்படவே இல்லை. கட்டைவிரலைக் கீழே காட்டினால் தோற்றவனுக்கு மரணம் என்பதும் ஓவியர்கள் கொடுத்த உறுதிதான். விரலைத் திருப்புவார்கள் என்று லத்தீன் சொல்கிறது, எந்தப் பக்கம் என்று சொல்லவில்லை.

இவற்றைவிட நல்ல உண்மைக் கதை ஒன்று இருக்கிறது. கொமோடஸ் பேரரசர் களத்தில் ஒரு தீக்கோழியின் தலையை வெட்டி எடுத்து, ஒரு கையில் தலையும் மறு கையில் ரத்தம் சொட்டும் வாளுமாக, செனட்டர்கள் உட்கார்ந்திருந்த பக்கம் வந்து பல்லைக் காட்டினாராம். அடுத்தது நீங்கள் என்று அர்த்தம். செனட்டர்களுக்குப் பயத்தைவிடச் சிரிப்புதான் வந்தது. சிரித்தால் தலை போகும். காசியஸ் டியோ என்ற வரலாற்றாசிரியர் அந்த வரிசையில் இருந்தார். தலையில் சூடியிருந்த மாலையிலிருந்து லாரல் இலைகளைப் பிய்த்து வாயில் போட்டு மென்றுகொண்டிருந்தேன், பக்கத்தில் இருந்தவர்களையும் மெல்லச் சொன்னேன் என்று அவரே எழுதுகிறார். வாய் அசைவதில் சிரிப்பு மறைந்துவிடுமே. களத்தில் நின்று மேலே செனட்டர் வரிசை இருந்த இடத்தைப் பார்த்து இந்தக் கதையைச் சொல்லுங்கள், பத்து வயதுக்குச் சரியாக இருக்கும்.

நூறு நாள் விழாவில் ஒன்பதாயிரம் விலங்குகள் கொல்லப்பட்டன என்று எழுதியவரும் அதே டியோதான். இதையும் குழந்தைக்குச் சொல்லத்தான் வேண்டும் என்று நினைக்கிறேன். 2022இல் கழிவுநீர்க் கால்வாய்களைத் துப்புரவு செய்தபோது கரடி எலும்பும் கிடைத்தது, பார்வையாளர்கள் தின்றுபோட்ட அத்தி, திராட்சை, ஆலிவ் கொட்டைகளும் கிடைத்தன. கொறித்துக்கொண்டே பார்த்திருக்கிறார்கள்.

இப்போது டிக்கெட். தொல்லியல் பூங்காவின் அதிகாரபூர்வத் தளத்தை முதலில் பாருங்கள். இரவுத் திறப்பு வருடம் முழுக்க இருக்காது. சில மாதங்களில், வாரத்தில் சில நாட்கள் மட்டும். அட்டவணை வருடத்துக்கு வருடம் மாறும். டிக்கெட்டை ரொம்ப முன்கூட்டியே விடுவதும் இல்லை, விட்டவுடன் நிலவறை இடங்கள்தான் முதலில் போகும். அங்கே கிடைக்காமல் தனியார் முகவரிடம் வாங்குவது தப்பில்லை, ஆனால் விலையில் பெரும்பகுதி டிக்கெட்டுக்கு இல்லை என்று தெரிந்து கொடுங்கள். டிக்கெட்டுகள் மொத்தமாக அள்ளப்படுவது வெறும் வதந்தி இல்லை. தானியங்கி நிரல்களைக் கொண்டு அள்ளிய விவகாரத்தில் இத்தாலியின் போட்டி ஒழுங்குமுறை ஆணையம் 2025இல் சுமார் 2 கோடி யூரோ அபராதம் போட்டது. 2023 அக்டோபரிலிருந்து டிக்கெட்டில் பெயர் அச்சாகிறது. பாஸ்போர்ட்டில் உள்ளபடியே பெயர் கொடுங்கள். இனிஷியலை விரித்து எழுதுகிற நம் தலைவலி இங்கேயும் உண்டு. அசல் பாஸ்போர்ட்டையும் கையில் வைத்திருங்கள். பதினெட்டு வயதுக்குக் கீழே நுழைவுக் கட்டணம் இல்லை, ஆனால் மகளுக்கும் டிக்கெட் பதிவு செய்தே ஆக வேண்டும்.

நேரத்தைப் பார்த்து எடுங்கள். செப்டம்பர் நடுவில் சூரியன் மறைய ஏழு இருபது ஆகிவிடும், முழு இருட்டு எட்டுக்கு மேல்தான். ஆறரை மணிச் சுற்றுலாவுக்கு இரவு என்று பெயர் போட்டிருந்தால் அது வெயில் தாழ்ந்த சாயங்காலம், அவ்வளவுதான். எட்டரை மணிக்குக் கிடைத்தால் விடாதீர்கள். கண்ணாடி பாட்டில், பெரிய பை, முக்காலி எதையும் உள்ளே விடமாட்டார்கள். மெல்லிய சால்வை ஒன்று இருக்கட்டும், கீழே நிலவறையில் குளிரும்.

மாமியார் விஷயத்தில் என் யோசனை வேறு. இரவுச் சுற்றுலாவில் உட்கார இடம் கிடைக்காது. ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றும் நடந்தும் ஆக வேண்டும். வெளியே தெருவெல்லாம் கருங்கல் கட்டைகள் பாவியவை, இருட்டில் முழங்காலுக்கு ஆகாது. அவரைக் காலையில் முதல் நேர டிக்கெட்டில் கூட்டிப்போங்கள். மேல் மாடத்துக்கு மின்தூக்கி இருக்கிறது, இது நிஜமாகவே மின்சாரத்தில் ஓடுவது. வாசலில் முழங்காலைச் சொல்லிக் கேட்டால் வழி காட்டுவார்கள். இரவுக்கு நீங்களும் மகளும் மட்டும் போய்வாருங்கள்.

முடிந்து வெளியே வந்ததும் கிளாடியேட்டர் வேஷத்தில் படம் எடுக்கக் கூப்பிடுவார்கள். எடுத்தபின் காசு கேட்பார்கள். கண்டுகொள்ளாமல் மெட்ரோ நிலையத்துக்குப் பக்கத்துப் படிகளில் ஏறி மேலே உள்ள தெருவுக்குப் போங்கள். கட்டடத்தின் இடுப்பு உயரத்துக்கு வந்துவிடுவீர்கள். நல்ல படம் அங்கிருந்துதான் கிடைக்கும், கூட்டமும் குறைவு. விளக்கு வழக்கத்துக்கு மாறாகத் தங்க நிறத்தில் ஜொலித்தால் கொஞ்சம் விசாரியுங்கள். உலகில் எங்காவது ஒரு நாடு மரண தண்டனையை ஒழித்தால் அப்படி விளக்கேற்றும் வழக்கத்தை இருபத்தைந்து வருடம் முன்பு ஆரம்பித்தார்கள். மெட்ரோ சாதாரண நாட்களில் பதினொன்றரை வரை, வெள்ளி சனியில் ஒன்றரை வரை ஓடும். ரயிலில் ஏறும்போது பையை முன்பக்கமாகப் போட்டுக்கொள்ளுங்கள்.